மூணாவது தடவைதான் மீனா எழுந்து நின்றது

பேரைக் கேட்டதும் ஏதோ பெண்பிள்ளை பெயர் என்றுதான் நினைத்தேன். பக்கத்து வீட்டுப் பாட்டியின் அம்மா துருக்கியின் இஸ்மிரிலிருந்து வந்தவர். அந்தப் பக்கத்துச் செபார்டிக் யூதர்கள் (ஸ்பெயின் வழி வந்தவர்கள்) பஸ்கா என்ற பண்டிகை வாரத்தில் ஓவனில் வைத்துச் சுடும் அடுக்குப் பண்டம்தான் மீனா. இறைச்சி வைத்தும் செய்வார்கள், கீரையும் சீஸும் வைத்தும் செய்வார்கள். ஆனால் இறைச்சியையும் சீஸையும் சேர்க்கவே மாட்டார்கள். நான் சைவம், அதனால் கீரைதான்.

அந்த வாரம் புளித்த மாவு ஆகாது, அதனால் ரொட்டி கிடையாது, மட்ஸா என்ற புளிக்காத ரொட்டிதான். கோதுமை மாவும் தண்ணீரும் மட்டும். தண்ணீர் பட்ட 18 நிமிடத்துக்குள் சுட்டு முடிக்க வேண்டும், இல்லாவிட்டால் மாவு புளிக்க ஆரம்பித்துவிட்டதாகக் கணக்கு. பார்க்கச் சதுரமான சுட்ட அப்பளம் மாதிரி இருக்கும். கடித்தால் உப்பில்லாத பிஸ்கட்.

பண்டிகைக்கு ஒரு மாதம் முன்பே என் வீட்டில் ஒத்திகை ஆரம்பம். என் அடுப்பில் செய்ததைப் பாட்டி சாப்பிட மாட்டார், யூத உணவு விதிப்படி நடக்கும் கோஷர் சமையலறை இல்லையே. வந்து முள்கரண்டியால் ஒரு குத்து குத்திப் பார்ப்பார், அவ்வளவுதான்.

முதல் தடவை மட்ஸாவைச் சுடுதண்ணீரில் போட்டுவிட்டுக் கீரை நறுக்கப் போனேன். ஐந்து நிமிடம் ஆகியிருக்கும். எடுக்கப் போனால் கையோடு வந்தது பாதி, மீதி கூழ். அதையும் விடாமல் அடுக்கிச் சுட்டேன். களி. என் கணவர் ஊறுகாய் வைத்துச் சாப்பிட்டார்.

இரண்டாவது தடவை பயந்துபோய், குழாயில் காட்டி உடனே எடுத்துவிட்டேன். மேல் அடுக்கு மொறுமொறுப்பைத் தாண்டி ஓடு மாதிரி ஆகிவிட்டது, அடி மட்டும் சொதசொத. அந்த ஈரம் மட்ஸாவுடையது இல்லை, கீரையுடையது என்று பாட்டி குத்திப் பார்த்துச் சொன்னார்.

மூன்றாவது தடவை அரைக் கிலோ கீரையை வதக்கி, ஆறவிட்டு, வெள்ளைத் துணியில் கட்டிப் பிழிந்தேன். ஒரு டம்ளர் தண்ணீர்! அதோடு மசித்த உருளைக்கிழங்கு மூன்று, ஃபெட்டா சீஸ் 200 கிராம், முட்டை மூன்று, டில் (சதகுப்பை) இலை, மிளகு. மிச்ச ஈரத்தை உருளைக்கிழங்கு குடித்துக்கொள்ளும். ஃபெட்டாவிலேயே உப்பு இருக்கிறது, தனியாகப் போடாதீர்கள். மட்ஸாவை அகலத் தட்டில் வெதுவெதுப்பான தண்ணீரில் ஒரு நிமிடம் வைத்து, வளைகிறது ஆனால் கிழியவில்லை என்ற பதத்தில் தூக்கித் துணியில் பரப்பினேன். (மட்ஸாவுக்கு மட்ஸா நேரம் மாறும். கடிகாரத்தைப் பார்க்காமல் விரலால் தொட்டுப் பாருங்கள்.) 8 அங்குலச் சதுரத் தட்டில் எண்ணெய் தடவி, ஓவனிலேயே ஐந்து நிமிடம் காயவைத்து, அந்தச் சூட்டின் மேல்தான் முதல் அடுக்கு. சுர்ரென்று சத்தம் வந்தால் அடி ஊறாது. மட்ஸா, கீரை, மட்ஸா, கீரை, மேலே மட்ஸா. அதன்மேல் ஒரு முட்டையை அடித்து ஊற்றி, 375 டிகிரி ஃபாரன்ஹீட்டில் 40 நிமிடம். கால் மணி ஆறிய பிறகு வெட்டினேன். துண்டு எழுந்து நின்றது.

பஸ்கா வாரத்தில் ஒரு மதியம் பாட்டி வீட்டிலேயே செய்யலாம் என்று கூப்பிட்டார். பழக்கதோஷத்தில் அஞ்சறைப் பெட்டியோடு பெருங்காய டப்பாவையும் எடுத்துக்கொண்டு போனேன். வாசலிலேயே டப்பாவை வாங்கி, கண்ணாடி போட்டுப் படித்தார். கோதுமை மாவு! அந்த வாரம் மட்ஸாவைத் தவிர வேறு கோதுமை ஆகாது. இத்தனை வருஷம் போட்டுச் சமைக்கிறேன், ஒருநாளும் அதைப் படித்ததில்லை. கடுகும் ஆகாதாம். செபார்டிக் யூதர்கள் பலர் பஸ்காவில் அரிசி, பருப்பு சாப்பிடுவார்கள்; ஆனால் பாட்டி வாழ்க்கைப்பட்டது போலந்துப் பக்கத்து அஷ்கெனாசிக் குடும்பத்தில். அந்த வாரம் அங்கே இரண்டும் கிடையாது, கடுகும் அந்தக் கணக்கில்தான். பெட்டியைத் திருப்பிக் கொண்டுபோய் வைத்துவிட்டு வெறுங்கையோடு வந்தேன். வருஷத்தில் அந்த எட்டு நாளுக்கென்றே பரண்மேல் தனிப் பாத்திரம் வைத்திருக்கிறார். எங்கள் பாட்டியின் மடிச் சமையல் ஞாபகம் வந்தது.

அவர் ஓவனில் 35 நிமிடத்திலேயே சிவந்துவிட்டது. பாட்டி இந்தத் தடவை குத்திப் பார்க்கவில்லை, மூலைத் துண்டை வெட்டித் தன் தட்டில் வைத்துக்கொண்டார். டில் இன்னும் கொஞ்சம் போட்டிருக்கலாம் என்றார். ஒரு மூலை மட்டும் தட்டோடு ஒட்டிக்கொண்டது. அடுத்த தடவை ஓரத்திலும் எண்ணெய் தடவ வேண்டும்.