பாட்டில் பாக்கெட், மூன்றாவது தடவை: ஒருவழியாகக் கை எட்டியது

போன சீசனில் வெள்ளியங்கிரி ஏறி இறங்கியபோது தலைவலி மண்டையைப் பிளந்தது. கீழே வந்து பையைத் திறந்தால் ஒரு லிட்டர் ஸ்டீல் பாட்டிலில் முக்கால்வாசித் தண்ணீர் அப்படியே இருக்கிறது. தாகம் இல்லாமல் இல்லை, பையைக் கழற்றி மாட்டச் சோம்பல், அவ்வளவுதான். உடல் எடையில் 2 சதவீதம் நீர் குறைந்தாலே ஏறும் வேகம் அடிபடும் என்பார்கள். என் 60 கிலோவுக்கு அது 1.2 லிட்டர், ஏப்ரல் வெயிலில் அது போவது தெரியவே தெரியாது. அதனால் நானே தைத்துக்கொண்டிருக்கும் இந்த முதுகுப் பையில் முதல் நிபந்தனை: கழற்றாமல், பார்க்காமல், நடந்துகொண்டே பாட்டிலை எடுக்கவும் வேண்டும், திரும்ப வைக்கவும் வேண்டும்.

எடுப்பது சுலபம். வைப்பதுதான் உயிரை வாங்கியது. நேராகத் தைத்த முதல் பாக்கெட்டுக்குத் தோள் திரும்பவில்லை. வாயை 45 டிகிரி முன்பக்கம் சாய்த்துத் தைத்தேன், ஷூ கயிறு கட்டக் குனிந்ததும் பாட்டில் மொட்டைமாடியில் உருண்டு ஓடியது. அதோடு பை நிரம்பினால் துணி இழுபட்டு வாய் ஒட்டிக்கொள்கிறது, பாட்டிலின் அடி நுழைய இடமே இல்லை. இப்போது சாய்வு 30 டிகிரிதான், துணியை 4 செ.மீ. கூடுதல் அகலமாக வெட்டி அடியில் மடிப்பு வைத்தேன், எலாஸ்டிக் பின்பாதிக்கு மட்டும். முன்விளிம்பு மடிப்புக்குள் அட்டைப்பெட்டி கட்டுகிற பிளாஸ்டிக் பட்டையைச் செருகியதும் வாய் திறந்தே நிற்கிறது! இதற்கு ஊசி எண் 18 இரண்டு பலி. கார்டுரா (பைக்கான தடித்த நைலான் துணி) நாலு மடிப்பு சேரும் மூலையில் கால் மிஷினை மிதிக்கவே மிதிக்காதீர்கள், சக்கரத்தைக் கையால் சுற்றுங்கள்.

ஒன்பது கிலோ அரிசியை ஏற்றிக்கொண்டு, கண்ணை மூடியபடி வீட்டுக்குள் பத்துத் தடவை எடுத்து வைத்துப் பார்த்தேன், ஒன்பது தடவை சரியாக உட்கார்ந்தது. அம்மா பார்த்துவிட்டு, "ஏம்ப்பா, சமையல்கட்டுக்குப் போகவா இவ்வளவு சாமான்?" என்றார்.

பக்கிள் பாரிமுனையில் பை சாமான் விற்கும் கடையில் வாங்கினேன். அங்கேயே ஒவ்வொன்றையும் பத்துத் தடவை பூட்டித் திறந்து பாருங்கள், என் ஆறில் ஒன்று பல் உடைந்தது.

இடுப்பு பெல்ட் இன்னும் தொடங்கவில்லை. அது எங்கே உட்கார வேண்டும் என்று பார்க்க, கழுத்து முள்ளெலும்பிலிருந்து இடுப்பெலும்பின் மேல்விளிம்பு வரை அளந்ததில் 46 செ.மீ. வந்தது, தம்பி அளந்தால் 44. அதற்குள் மழைக்கு ஒரு டார்ப் (தலைக்கு மேல் கட்டும் கூரைத்துணி) தைக்கத் துணி வேறு வாங்கிவிட்டேன்.