இளைஞர் விருது கேஸ்: கோர்ட்டில் எது எடுபடும், எது எடுபடாது

இளைஞர் விருதுப் பட்டியல் வெளியாகும்போதெல்லாம் யாராவது ஒருவர் கேட்கிறார்: "தகுதியே இல்லாத ஆளுக்குக் கொடுத்துட்டாங்க, கேஸ் போடலாமா?" போடலாம். ஆனால் அந்த 'தகுதியே இல்லாத ஆள்' வாதத்தை மட்டும் நம்பிப் போனால் மனு நிற்காது. உங்கள் சமூக சேவை பெரிதா அவருடையது பெரிதா என்று நீதிபதி தராசு பிடிக்க மாட்டார், அது தேர்வுக் குழுவின் வேலை என்று சொல்லிவிடுவார். அவர் பார்ப்பது எப்படித் தேர்ந்தெடுத்தார்கள் என்பதை மட்டும்தான். வயது வரம்பைத் தாண்டியவருக்குக் கொடுத்தார்களா, கடைசித் தேதிக்குப் பிறகு வந்த விண்ணப்பத்தை உள்ளே விட்டார்களா, குழுவில் இருந்தவருக்கும் விருது வாங்கியவருக்கும் என்ன உறவு, இந்த மாதிரி விஷயங்கள்.

அரசு கொடுக்கும் விருது என்றால் பிடிமானம் அரசமைப்புச் சட்டத்தின் 14-வது பிரிவு, அதாவது சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்பது. தன்னிச்சையான முடிவும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பரம விரோதிகள் என்று உச்ச நீதிமன்றம் 1974-இல் சொன்னது தமிழ்நாட்டிலிருந்து போன ராயப்பா வழக்கில்தான். (அந்த வழக்கில் ராயப்பா தோற்றுப்போனார் என்பது வேறு விஷயம். அவர் பெயரைச் சொல்லி ஜெயித்தவர்கள் ஏராளம்.) தனியார் சங்கமோ கிளப்போ தன் காசில் கொடுக்கும் விருதுக்கு ரிட் (அரசின் முடிவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டால் பொதுவாக நிற்காது, அங்கே மனக்கசப்போடு விட்டுவிடுவதுதான் புத்திசாலித்தனம் என்பேன்.

குழுவில் வேண்டியவர்கள் உட்கார்ந்திருந்தால் என்ன ஆகும் என்பதற்கு கிரைபக் வழக்கைப் படிக்க வேண்டும், 1969-இல் வந்த தீர்ப்பு. விருது சம்பந்தப்பட்டது இல்லை, இந்திய வனப் பணிக்கு ஜம்மு காஷ்மீரிலிருந்து அதிகாரிகளைத் தேர்ந்தெடுத்த விவகாரம். தேர்வுக் குழுவில் ஒரு உறுப்பினர், அவரே போட்டியாளரும்கூட! தன் பெயர் வந்தபோது மட்டும் அவர் விலகிக்கொண்டார். ஆனால் தன் போட்டியாளர்களின் பெயர்கள் வந்தபோது உட்கார்ந்திருந்தார், வரிசைப் பட்டியல் தயாரித்தபோதும் இருந்தார், கடைசியில் பார்த்தால் பட்டியலில் அவர் பெயர்தான் முதலில். மற்ற உறுப்பினர்கள் அவர் எங்களிடம் எதுவும் சொல்லவில்லை என்றார்கள். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அவர் நிஜமாகவே காய் நகர்த்தினாரா என்று நிரூபிக்க வேண்டியதில்லை, பாரபட்சம் நடக்க நியாயமான வாய்ப்பு இருந்தாலே போதும் என்று தேர்வையே ரத்து செய்தது. ஆக, 'அந்தப் பெயர் வந்தப்போ நான் வெளிய போயிட்டேன்' என்று குழு உறுப்பினர் சொன்னால் அதோடு கேஸ் முடிந்துவிட்டது என்று நினைக்க வேண்டாம்.

விதியை நடுவில் மாற்றுவதும் அப்படித்தான். ஆட்டம் தொடங்கிய பிறகு ஆட்ட விதியை மாற்றக்கூடாது என்று வேலைவாய்ப்புத் தேர்வுகளுக்காக 2008-இல் மஞ்சுஸ்ரீ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை, 2024-இல் அதன் ஐந்து நீதிபதிகள் அமர்வும் உறுதிசெய்தது. விருதுக்கும் இதே வாதத்தை வைக்கலாம்.

சரி, விருது விவகாரத்தில் கோர்ட்டுக்குப் போய் நிஜமாகவே வாங்கியவர் உண்டா? குத்துச்சண்டை வீரர் மனோஜ் குமார். 2010 காமன்வெல்த் விளையாட்டில் தங்கம் வென்றவர். விளையாட்டு வீரர்களுக்கு மத்திய அரசு தரும் அர்ஜுனா விருதின் 2014 பட்டியலில் அவர் பெயர் இல்லை. காரணம், ஊக்கமருந்து விவகாரத்தில் சிக்கியவர் என்று குழு தவறாக நினைத்துக்கொண்டது. டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனார், கடைசியில் அந்த ஆண்டு விருது கிடைத்தது. கவனிக்க வேண்டியது, 'நான் சிறந்த வீரன்' என்பதை விட 'நீங்கள் வைத்த காரணமே பொய்' என்பதுதான் அவருடைய பலம். ஆவணத்தில் இருக்கும் தப்பைக் காட்டினால் எதிர்த்தரப்பு வக்கீலுக்குப் பேச ஒன்றும் இருக்காது.

அடுத்த வருடமே இன்னொரு கதை. பாராலிம்பிக் உயரம் தாண்டுதலில் வெள்ளி வென்ற கிரிஷா, புள்ளிக் கணக்கில் தான்தான் முன்னால் இருப்பதாகச் சொல்லி, டென்னிஸ் வீராங்கனை சானியா மிர்சாவுக்கு நாட்டின் உயரிய விளையாட்டு விருதான கேல் ரத்னா கொடுப்பதை எதிர்த்து கர்நாடக உயர் நீதிமன்றத்துக்குப் போனார். வழக்கு இருக்கும்போதே 2015 ஆகஸ்ட் 29 அன்று சானியா விருதை வாங்கிவிட்டார். விழா முடிந்து பதக்கம் கைமாறிய பிறகு அதைத் திரும்ப வாங்கச் சொல்ல எந்த நீதிமன்றமும் யோசிக்கும். அதனால் விழாவுக்கு முன்பே ஓட வேண்டும்.

அப்புறம் ஒரு பொறி இருக்கிறது. குழுவில் யார் இருக்கிறார்கள் என்று தெரிந்தே நேர்காணலில் உட்கார்ந்துவிட்டு, தோற்ற பிறகு குழு சரியில்லை என்றால், 1995-இன் மதன்லால் தீர்ப்பைக் காட்டி மூடிவிடுவார்கள். ஆட்சேபம் இருந்தால் அப்போதே எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள். முடிவு வந்ததும் முதல் வேலையாகத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டு உங்கள் மதிப்பெண், மதிப்பீட்டு அளவுகோல், குழுக் கூட்டக் குறிப்பு மூன்றையும் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். விழா அதற்குள் வந்துவிடும் என்றால் காத்திருக்காமல் ரிட் மனுவைத் தாக்கல் செய்து, தேர்வு சம்பந்தப்பட்ட கோப்புகளை வரவழைக்கச் சொல்லி நீதிமன்றத்தையே கேட்கலாம்.

பலரும் யோசிக்காத ஒன்று, விருது வாங்கியவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர் தரப்பைக் கேட்காமல் அவர் விருதை ரத்து செய்ய முடியாது. பல நேரம் அவர் இருபது வயதுகூட ஆகாத, எந்தத் தப்பும் செய்யாமல் விண்ணப்பம் போட்ட ஒரு பிள்ளையாக இருப்பார், வீட்டுக்கு உயர் நீதிமன்ற நோட்டீஸ் போகும். அதனால் மனுவில் அவரைப் பற்றி ஒரு வார்த்தை தப்பாக எழுத விடாதீர்கள், வக்கீல் ஆசைப்பட்டாலும். குற்றச்சாட்டு முழுக்க குழுவின் மேல் இருக்கட்டும்.