கொடைக்கானல் குளத்தில் ஒரு தூத்துக்குடிக்காரர்

கடலோரத்தில் பிறந்தவனுக்கு ஏரியில் படகுச் சவாரி என்றால் கொஞ்சம் இளக்காரம்தான். கொடைக்கானலுக்கு இதுவரை ஐந்து முறை போயிருக்கிறேன். ஏரியைச் சுற்றி நடந்திருக்கிறேன், சைக்கிள் ஓட்டியிருக்கிறேன், கரையில் நின்று மிளகாய் பஜ்ஜி தின்றிருக்கிறேன். படகில் மட்டும் ஏறியதில்லை. இந்த முறை மகள் விடவில்லை. போதாக்குறைக்கு அப்பாவும் கூட வந்திருந்தார்.

அப்பாவைப் பற்றி ஒரு வரி சொல்லிவிட வேண்டும். தூத்துக்குடியில் தோணிகளுக்குச் சரக்கு ஏற்றும் ஒரு அலுவலகத்தில் முப்பது வருடத்துக்கு மேல் கணக்கு எழுதியவர். கொழும்புக்கும் மாலத்தீவுக்கும் போகும் தோணிகளில் எத்தனை மூட்டை ஏறியது, தோணி தண்ணீரில் எவ்வளவு இறங்கியது என்று பார்த்துப் பார்த்தே கண் பழகியவர். இப்போது வயது எழுபத்திரண்டு. "காசு குடுத்துப் படகுல ஏறணுமாக்கும்?" என்று கிளம்பும்போதே ஆரம்பித்துவிட்டார்.

பொங்கல் கழிந்து ஒரு செவ்வாய்க்கிழமை. விடியக்காலை மூன்று மணிக்குக் கிளம்பி, மதுரை தாண்டி, வத்தலக்குண்டில் டீ குடித்து, மலையேறினோம். இ-பாஸ் முந்தின நாளே எடுத்தாயிற்று. உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் அது வேண்டும். செல்போனில் ஐந்து நிமிட வேலைதான், ஆனால் மறந்துவிட்டுப் போனால் பாதி வழியில் சிக்னல் தேடி நிற்க வேண்டிவரும். டம்டம் பாறையில் நிறுத்தி எலிவால் அருவியைப் பார்த்தோம். சுமார் 975 அடி உயரத்திலிருந்து விழுகிற தண்ணீர் அங்கிருந்து பார்க்க நிஜமாகவே ஒரு வால் மாதிரிதான் தொங்குகிறது. குரங்குகள் எங்கள் மக்ரூன் பொட்டலத்தைக் குறிவைத்ததால் அதிக நேரம் நிற்கவில்லை.

ஊருக்கு எட்டு கிலோமீட்டர் முன்னால் வெள்ளி நீர்வீழ்ச்சி. சாலையோரமாகவே 180 அடி இறங்குகிறது. கொடைக்கானல் ஏரி நிரம்பி வழிந்து வரும் தண்ணீர் இது என்று மகளிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். அப்பா கார் கண்ணாடியை இறக்கி ஒரு பார்வை பார்த்துவிட்டு, "அப்ப இது மறுகால். மேல குளம் கெடக்கு" என்றார்.

அதன்பிறகு ஊர் திரும்பும்வரை அவருக்கு அது குளம்தான். ஒரு தடவைகூட ஏரி என்று வாயில் வரவில்லை. யோசித்தால் அவர் சொல்வதில் தப்பில்லை. இயற்கையாக அமைந்த ஏரி இல்லை அது. 1863-இல் மதுரைக் கலெக்டர் வேர் ஹென்றி லெவிஞ்ச், ஓடைகள் வந்து சேரும் சதுப்பு நிலத்தின் வாயில் கரை கட்டித் தேக்கியது. எங்கள் ஊர்ப் பக்கம் கரை போட்டுத் தேக்கினால் அதற்குப் பெயர் குளம். என்ன, நம் குளங்கள் நெல்லுக்காக வெட்டியவை. இது வெயில் தாங்காமல் மலையேறி வந்தவர்கள் படகு விடுவதற்காகக் கட்டியது.

அந்த லெவிஞ்ச் கதையில்தான் எனக்கு ஒரு துருப்புச் சீட்டு இருந்தது. ஏரி நிறைந்ததும் அதில் விடுவதற்கு முதல் படகை அவர் வரவழைத்தது தூத்துக்குடியிலிருந்து. இதை எப்போதோ படித்து வைத்திருந்தேன். கொண்டை ஊசி வளைவு ஒன்றில் அப்பாவிடம் எடுத்து விட்டேன்.

கொஞ்ச நேரம் பேச்சில்லை. அப்புறம் கேட்டார்: "எந்த ரோடு வழியா?"

நல்ல கேள்வி. லெவிஞ்ச் காலத்தில் இந்தச் சாலையே கிடையாது. வத்தலக்குண்டிலிருந்து வண்டி ஏறும் பாதை இருபதாம் நூற்றாண்டில்தான் முடிந்தது. அதற்கு முன்னால் கொடைக்கானலுக்கு வழி என்றால் பெரியகுளம் பக்கம் கிருஷ்ணமநாயக்கன் தோப்பிலிருந்து ஏறும் மலைப்பாதை. துரைமார்களும் துரைசானிகளும் குதிரையிலோ டோலியிலோ வருவார்கள். பெட்டி படுக்கை, கட்டில், அலமாரி எல்லாம் ஆட்களின் தலையிலும் தோளிலும் ஏறும். அப்படியென்றால் படகும் அப்படித்தான்.

"முழுசா தூக்கியிருக்க மாட்டாங்க," என்றார் அப்பா. "பலகை பலகையா கழட்டி, நம்பர் போட்டு, மேல கொண்டுவந்து பூட்டியிருப்பான். கூடவே நம்மூரு ஆசாரி ஒருத்தனும் வந்திருப்பான். வராம எப்படி?" அந்த ஆசாரி குளிரில் என்ன பாடுபட்டிருப்பார் என்பதைப் பற்றித்தான் மீதி வளைவுகள் முழுக்கப் பேச்சு.

ஏரிக்கரையில் படகுத்துறைகள் ஒன்றுக்கு மேல் இருக்கின்றன. இங்கே படகுக் குழாம் தொடங்கியது 1890-இல். வெளியாட்களும் சுற்றுலா வந்தவர்களும் படகில் ஏறலாம் என்று ஆனது 1932-இல்தான். நாங்கள் போன துறை எது என்று சொல்லப்போவதில்லை. ஏனென்றால் அங்கே கொடுத்த லைஃப் ஜாக்கெட்டுகளில் இரண்டுக்குப் பூட்டு உடைந்திருந்தது. அப்பா ஒவ்வொன்றாக இழுத்துப் பார்த்துத் தள்ளிவிட்டு, நான்காவதாக ஒன்றை மகளுக்கு மாட்டினார். கவுண்டரில் இருந்தவர் முகத்தைச் சுளித்தார். சுளிக்கட்டும். யார் போனாலும் ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு ஒரு இழு இழுத்துப் பார்த்துவிட்டு ஏறுங்கள்.

மகளுக்குப் பெடல் போட்டில்தான் ஆசை. எனக்கோ முட்டி வலி. கடைசியில் துடுப்புப் படகு, கூடவே வலிக்க ஒரு ஆள், அரை மணி நேரம் என்று முடிவாயிற்று. பெடல் போட்டில் போகிறவர்கள் துறையை விட்டு அதிக தூரம் போவதில்லை. பாதிப்பேர் அங்கேயே வட்டமடித்து ஒருவரையொருவர் முட்டிக்கொண்டிருந்தார்கள். ஏரியின் மூலைகளைப் பார்க்க வேண்டுமென்றால் ஆளோடு கிடைக்கிற துடுப்புப் படகுதான் சரி.

படகுக்காரருக்கு நாற்பது வயது இருக்கும். ஸ்வெட்டர், குரங்குக் குல்லா. எங்களைப் பார்த்தபடி உட்கார்ந்து, போகிற திசைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வலிக்க ஆரம்பித்தார். துடுப்பு தண்ணீரை விட்டு எழும்போதெல்லாம் அதன் நுனியிலிருந்து சொட்டுகள் வரிசையாக விழுந்து, படகுக்குப் பக்கத்தில் சின்னச் சின்ன வட்டங்கள் கொஞ்ச தூரம் கூடவே வந்தன. கொண்டியில் துடுப்பு உரசும் கிறீச் சத்தத்தைத் தவிர வேறு சத்தம் இல்லை. அன்றைக்கு மோட்டார் படகு எதுவும் கண்ணில் படவில்லை. அது எவ்வளவு பெரிய புண்ணியம் என்று கரையில் ஹாரன் கேட்டபோது புரிந்தது.

அப்பா முதலில் செய்த காரியம், விரலைத் தண்ணீரில் விட்டு நாக்கில் வைத்துப் பார்த்ததுதான்.

"தாத்தா, அழுக்கு!" என்று மகள் கத்தினாள்.

"உப்பு இல்ல," என்றார், ஏதோ புகார் சொல்வதுபோல. பிறகு படகின் விளிம்பையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு என்னிடம், "ஏல, கொஞ்சம் கூட இறங்கி நிக்கி பாத்தியா? நல்ல தண்ணி தூக்காதுலா" என்றார்.

இதில் விஷயம் இருக்கிறது. கடல்நீர் நல்ல தண்ணீரைவிட ஏறக்குறைய 2.5 சதவீதம் கனம். அதனால் அதே சரக்கோடு அதே கப்பல், ஆற்றுக்குள் வந்தால் இன்னும் கொஞ்சம் அமிழும். கப்பலின் விலாவில் எவ்வளவு ஏற்றலாம் என்று போட்டிருக்கும் கோடுகளில் நல்ல தண்ணீருக்கு என்று தனியாக ஒரு கோடு, கடல் கோட்டுக்கு மேலே இருக்கும். இதெல்லாம் சரி. ஆனால் நான்கு பேர் உட்கார்ந்த சின்னப் படகில் அந்த வித்தியாசம் சில மில்லிமீட்டர்தான் வரும். அது அப்பா கண்ணுக்குத் தெரிந்தது என்பதில் பாதி பீலா. படகுக்காரர் மட்டும் வலிப்பதை நிறுத்திவிட்டு, "ஐயா எந்த ஊரு?" என்று கேட்டார். ஊரைச் சொன்னதும் அவர் மரியாதை கொஞ்சம் ஏறியது. முதல் படகு தூத்துக்குடியிலிருந்து வந்த கதையை அப்பா அவருக்குச் சொன்னார், இருபது வருடமாகத் தெரிந்தவர் மாதிரி.

ஏரியை நட்சத்திர வடிவம் என்பார்கள். வரைபடத்தில் பார்த்தால் கைகளை விரித்துப்போட்ட மாதிரி இருக்கும். சுமார் 60 ஏக்கர், சுற்றுச் சாலை ஏறத்தாழ 5 கிலோமீட்டர். கரையில் நடக்கும்போது இந்த வடிவம் பிடிபடாது. படகில் பிடிபட்டது, அதுவும் வேறு விதமாக. எங்கே நின்றாலும் ஏரி முழுதாகத் தெரியவில்லை. ஒரு கைக்குள் நுழைந்தால் துறை, கூட்டம், சோளக்கதிர் வண்டி, குதிரைகள் எல்லாம் ஒரு முனைக்குப் பின்னால் மறைந்துவிடுகின்றன. யூகலிப்டஸ் மரங்களும் பழைய பங்களாக்களின் ஓட்டுக் கூரைகளும் மட்டும். அடுத்த கை திறந்தால் சாலை மறுபடி வருகிறது. கடலில் கரை ஒரு பக்கம்தான் இருக்கும். இங்கே எல்லாப் பக்கமும் கரை.

காற்றிலும் அதே கதை. எங்கள் ஊரில் மேற்கேயிருந்து வந்தால் கச்சான், கிழக்கேயிருந்து வந்தால் கொண்டல், வடக்கே வாடை. அப்பா கன்னத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒவ்வொரு கை முனையைத் தாண்டும்போதும் வேறு பக்கத்திலிருந்து அடித்தது. "இங்க காத்துக்குப் பேரே வைக்க முடியாது போல" என்றார்.

படகுக்காரர் திரும்பிப் பார்ப்பதே அபூர்வமாக இருந்தது. ஐந்தாறு வலிப்புக்கு ஒரு முறை தோளுக்கு மேல் ஒரு பார்வை, அவ்வளவுதான். எப்படி நேராகப் போகிறார் என்று கேட்டேன். "துறையோட கூரை தெரியுதுல்ல, அதுக்குப் பின்னாடி அந்த ஒத்த மரம். ரெண்டும் ஒட்டியே இருக்கணும் சார். விலகிச்சுன்னா நான் அங்கிட்டோ இங்கிட்டோ போறேன்னு அர்த்தம்." இதைக் கேட்டு அப்பா என் தொடையைத் தட்டினார். கடலுக்குப் போகிறவர்கள் பனிமய மாதா கோயில் கோபுரத்தையும் கரையில் வேறொரு அடையாளத்தையும் ஒரே கோட்டில் வைத்துத்தான் இடம் பிடிப்பார்கள் என்று சின்ன வயதில் எனக்குச் சொன்னவர் அவர். ஏழாயிரம் அடி உயரத்தில் அதே வித்தை.

ஒரு கையின் கடைசியில், தண்ணீருக்குள் நாணல் இறங்கியிருந்த இடத்தில், படகுக்காரர் துடுப்பைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சத்தம் போடாமல் தலையால் காட்டினார். சரிவில் ஒரு காட்டுமாடு. முழங்காலுக்குக் கீழே காலுறை போட்டது மாதிரி வெள்ளை. ஊருக்குள் சாதாரணமாக வந்துபோகுமாம். சாலையில் பத்தடி தூரத்தில் பார்த்தால் நான் ஓடியிருப்பேன். தண்ணீரில் இருந்ததால் தைரியமாகப் பார்த்தேன். அது எங்களைக் கண்டுகொள்ளவே இல்லை. மகள் மூச்சுவிடாமல் இருந்தது அந்த இரண்டு நிமிடம்தான்.

திரும்பும்போது மேகம் இறங்கியது. முதலில் மலை போனது, அப்புறம் மரங்கள், அப்புறம் கூரை. பத்து நிமிடத்துக்குள் வெள்ளைத் துணி போர்த்திய மாதிரி ஆகிவிட்டது. பார்த்து வலிப்பதற்குக் கூரையும் இல்லை, ஒத்த மரமும் இல்லை. பெடல் போட்டுக்காரர்கள் எங்கோ சிரிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. படகுக்காரர் பதற்றப்படாமல் அந்தச் சிரிப்பை நோக்கி வலித்தார்.

துறையில் படகு தட்டியதும் யாரும் சொல்லாமல் அப்பா முன்னால் குனிந்து கயிற்றை எடுத்து, இரும்பு வளையத்தில் இரண்டு சுற்றுச் சுற்றி ஒரு முடிச்சுப் போட்டார். அதற்குப் பிறகுதான் இறங்கினார். நாங்கள் ஜாக்கெட்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டு டீக்கடைப் பக்கம் நடந்துவிட்டோம். பின்னாலிருந்து கூப்பிடும் குரல் கேட்டது. அடுத்த குடும்பம் படகில் ஏறி உட்கார்ந்திருந்தது. படகுக்காரர் குல்லாவைக் கழற்றிவிட்டுக் கயிற்றோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

"ஐயா, தூத்துக்குடி ஐயா! இதை நீங்களே வந்து அவுத்து விட்டுட்டுப் போங்க!"