நிறுத்தச் சொன்னால் நிற்கும் வண்டி

இன்வர்னெஸ்ஸுக்கு வந்து ஒன்றரை வருஷம் ஆகியும் நான் ஸ்கை தீவைப் பார்த்ததில்லை. ஊரில் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள், ஸ்காட்லாந்து என்று போனில் தேடினால் முதலில் வந்து நிற்கிற படங்களே அந்தத் தீவுடையதுதான். ஆனால் நர்ஸ் வேலைக்கு வந்தவளுக்கு முதல் வருஷம் எப்படிப் போகும் என்பது வந்தவர்களுக்குத்தான் தெரியும். ஓஸ்கி என்ற நர்ஸ் செய்முறைப் பரீட்சை, நைட் டியூட்டி, வாடகை வீடு, கடுகு வெடித்தாலே அலறும் ஸ்மோக் அலாரம். லீவு கிடைத்தால் தூங்குவேன், எழுந்து ஊருக்குப் போன் போடுவேன், மறுபடி தூங்குவேன்.

இந்த ஜூன் மாதம் அப்பாவும் அம்மாவும் விசிட்டர் விசாவில் வந்தார்கள். அம்பாசமுத்திரம் பக்கத்துக் கிராமத்தை விட்டு அப்பா அதிகபட்சம் போனது சென்னை வரைக்கும்தான். வந்த முதல் நாளே அம்மாவுக்கு ஒரு பிரச்சினை: சாயங்காலம் விளக்கு எப்போது ஏற்றுவது? இங்கே ஜூனில் சூரியன் மறையவே ராத்திரி பத்தேகால் ஆகிவிடும். ஆறு மணிக்கு ஏற்றினால் வெளியே உச்சி வெயில் மாதிரி இருக்கிறது, பத்து மணிவரை காத்திருந்தால் தூக்கம் வருகிறது. கடைசியில் இந்தியா நேரப்படி ஏற்றலாம் என்று முடிவு செய்தார்கள். அதாவது இங்கே மத்தியானம் ஒன்றரை மணிக்கு.

சரி, ஸ்கைக்கு வருகிறேன். காரில் போகலாம் என்றால் என்னால் ஓட்ட முடியாது. இந்திய லைசென்ஸை வைத்து இங்கே 12 மாதம்தான் ஓட்டலாம், அதற்குப் பிறகு முதலிலிருந்து தியரி, பிராக்டிகல் என்று எழுதித் தேற வேண்டும். அந்த 12 மாதத்தையும் நான் தூங்கியே கழித்துவிட்டேன். (புதிதாக வருகிறவர்களே, இதை மட்டுமாவது கேளுங்கள், வந்த ஆறாவது மாதமே டெஸ்டுக்கு வேலையை ஆரம்பித்துவிடுங்கள்.) பெரிய பஸ் டூர் மலிவு, ஆனால் போன வருஷம் தோழிகளோடு கிளென்கோவுக்கு அப்படி ஒன்றில் போய்ப் பட்டது போதும். இருபது நிமிஷம் நிறுத்துவார்கள், அதில் பன்னிரண்டு நிமிஷம் கழிப்பறை வரிசையில் போகும். முழங்கால் வலியோடு இருக்கும் அம்மா படி இறங்கி ஏறுவதற்குள் வண்டி கிளம்பிவிடும்.

அதனால் தனி வண்டி, தனி கைடு. வண்டிக்கு 520 பவுண்டு, ஆள் கணக்கு கிடையாது, மூன்று பேர் போனாலும் ஆறு பேர் போனாலும் அதே காசு. ரூபாயில் போட்டுப் பார்த்தால் ஐம்பதாயிரத்தைத் தாண்டுகிறது. அப்பாவிடம் ஆஸ்பத்திரி ஸ்டாஃபுக்குச் சலுகை விலை என்று சொல்லிவைத்தேன். பதிவு செய்யும் முன் வண்டியின் படி எவ்வளவு உயரம், எத்தனை மணி நேரம், கோட்டைக்கு நுழைவுக் கட்டணம் சேர்த்தியா என்று மூன்றே கேள்வி கேட்டேன். நுழைவுக் கட்டணம் சேர்த்தி இல்லை. படிக்கு ஒரு சின்ன முக்காலி கொண்டுவருவதாகச் சொன்னார்கள், அந்த ஒரு பதிலுக்காகவே பணத்தைக் கட்டிவிட்டேன்.

காலை எட்டு மணிக்கு வந்தவர் அறுபது வயதைத் தாண்டியவர். டிரைவர், கைடு எல்லாம் அவரே, பிறந்தது ஸ்கையில். அப்பா பார்த்ததும் கைகூப்பி "வாங்க அண்ணாச்சி" என்றார். என்ன அர்த்தம் என்று அவர் கேட்டார், சொன்னேன். அன்றைக்கு முழுக்க அவர் அண்ணாச்சிதான்.

முதல் ஒன்றரை மணி நேரத்தைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். நெஸ் ஏரி ஓரமாகப் போகிற ரோடு. இங்கிலாந்து, வேல்ஸ் இரண்டிலும் உள்ள எல்லா ஏரிகளின் தண்ணீரையும் சேர்த்தாலும் இந்த ஒரு ஏரித் தண்ணீருக்கு ஈடாகாது என்று அண்ணாச்சி சொன்னார். தண்ணீர் கறுப்பாக இருப்பது மலையிலிருந்து கரைந்து வரும் பீட் என்ற மக்கிய செடிமண்ணால். அந்த ஏரியில் இருப்பதாகச் சொல்கிற பூதத்தை அம்மா விசாரித்தார்கள், லீவில் போயிருக்கிறது என்று பதில் வந்தது. ஐலீன் டோனன் கோட்டையில் மூன்று கடல் ஏரிகள் வந்து கூடுகின்றன, எல்லாக் காலண்டரிலும் இருக்கிற கோட்டை. 1719-ல் பிரிட்டிஷ் கடற்படைக் கப்பல்கள் சுட்டுத் தகர்த்து இருநூறு வருஷம் இடிந்து கிடந்ததை 1912 தொடங்கி 1932 வரை திரும்பக் கட்டினார்களாம். "அப்போ புதுசா?" என்று அம்மா கேட்டது எனக்கே கொஞ்சம் வருத்தமாக இருந்தது. திருநெல்வேலியில் வளர்ந்தவர்களிடம் வயதைச் சொல்லி அசத்த முடியாது.

தீவுக்குப் பாலம் இருக்கிறது, 1995-ல் திறந்தது. ஆரம்பத்தில் பாலத்துக்குச் சுங்கம் வாங்கினார்கள். தீவுக்காரர்கள் எங்கள் வீட்டுக்குப் போக நாங்கள் ஏன் காசு கொடுக்க வேண்டும் என்று கட்டாமலே போய், வழக்கு வாங்கி, கோர்ட்டுக்கு அலைந்து, கடைசியில் 2004 டிசம்பரில் சுங்கத்தை எடுத்தே விட்டார்கள். இதை மொழிபெயர்த்ததும் அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். "நம்ம கப்பலூர் டோல்கேட் மாதிரில்லா!" அதுவரை ஜன்னலோரம் அரைத்தூக்கத்தில் இருந்தவர், அதற்கப்புறம் தூங்கவே இல்லை.

பாலம் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் ஆடுகள் ரோட்டில் படுத்துக் கிடந்தன. மேய்ப்பவர் யாரும் இல்லை, முதுகில் நீலமும் சிவப்பும் பெயிண்ட். "யார் ஆடு? அடுத்தவன் பிடிச்சிட்டுப் போயிட்டா?" என்று அப்பா ஆரம்பித்தார். வண்டியை ஓரம் நிறுத்தி அண்ணாச்சி விளக்க, நான் நடுவில் மொழிபெயர்க்க, கால் மணி நேரம் போயிற்று. பெயிண்ட் அடையாளம் ஆளுக்கு ஆள் வேறு. மலை எல்லாருக்கும் பொது, அதில் இத்தனை ஆடு விடலாம் என்று ஒவ்வொருவருக்கும் பங்கு உண்டு. "மேய்ச்சல் புறம்போக்குன்னு சொல்லு" என்றார் அப்பா. கிட்டத்தட்ட அதேதான். சின்னச் சின்னத் துண்டு நிலத்தைக் கிராஃப்ட் என்கிறார்கள். அதைப் பற்றி அங்கே ஒரு கேலி உண்டாம், நாலு பக்கமும் சட்டம் சூழ்ந்த துண்டு நிலம்தான் கிராஃப்ட் என்று.

ஸ்லிகாகனில் பழைய கல்பாலம். பின்னால் கூலின் மலை கறுப்பாக, பல் பல்லாக நிற்கிறது. அந்த ஆற்றுத் தண்ணீரில் ஏழு விநாடி முகத்தை அமிழ்த்தினால் என்றைக்கும் அழகு குறையாது என்பது நம்பிக்கை. அம்மாவால் குனிய முடியாது. அண்ணாச்சி பிளாஸ்க் மூடியில் தண்ணீர் மொண்டு வந்து நீட்டி, "உஷ்க" என்றார். அவர்களுடைய கேலிக் மொழியில் தண்ணீர்.

நான் அப்படியே நின்றுவிட்டேன்.

போன குளிர்காலத்தில் என் வார்டில் ஒரு பாட்டி இருந்தார், தொண்ணூறை நெருங்கிய வயது. பகலில் ஆங்கிலம் பேசுவார், ராத்திரியானால் ஆங்கிலம் அவரை விட்டுப் போய்விடும், தனக்குள்ளே வேறு ஏதோ பேசுவார். "உஷ்க, உஷ்க" என்பார். நானும் கூட இருந்த மலையாளிப் பெண்ணும் பாட்டி விஸ்கி கேட்கிறார் என்று நினைத்துக்கொண்டோம். "நாளைக்குத் தாரேன் பாட்டி" என்று போர்வையைச் சரிசெய்துவிட்டுச் சிரித்துக்கொண்டே போயிருக்கிறேன். நேரம் வைத்து நாங்களே தண்ணீர் கொடுப்போம்தான், கொடுக்காமல் விட்டதில்லை. ஆனால் அவர் கேட்டபோது கொடுக்கவில்லை.

இதை அண்ணாச்சியிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, விஸ்கி என்ற சொல்லே அதிலிருந்து வந்ததுதான், 'உஷ்க பெஹா' என்றால் உயிர்த்தண்ணீர், அதைத்தான் ஆங்கிலத்தில் நறுக்கி விஸ்கி ஆக்கினார்கள், அதனால் நீ நினைத்தது ரொம்பத் தப்பில்லை என்றார். ஆறுதலுக்குச் சொன்னார் என்று தெரிந்தது.

அதற்கு மேல் வண்டிக்குள் பேச்செல்லாம் மொழியைப் பற்றித்தான். 1872-ல் வந்த கல்விச் சட்டத்தில் கேலிக்குக்கு இடமே வைக்கவில்லை. வீட்டில் அது, பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் என்றுதான் தானும் வளர்ந்ததாகச் சொன்னார். தாய்மொழியை எழுத்துக்கூட்டிப் படிக்கப் பழகியதே பெரியவரான பிறகு, தீவின் தெற்கே 1973-ல் தொடங்கிய கேலிக் கல்லூரியில். அந்த மொழியில் நம்மைப் போலவே நீ, நீங்கள் இரண்டும் உண்டு. நன்றி சொல்வதற்குக்கூட இரண்டு விதம், பெரியவர்களுக்கு 'டாப்பா லீவ்'. அம்மா அன்று முழுக்க அதைச் சொல்லிக்கொண்டே இருந்தார்கள், கடைக்காரப் பெண்ணிடம்கூட. அப்புறம் கழிப்பறையை எப்படிக் கேட்பது என்று நான் கேட்க, 'டை பெக்' என்றார், சின்ன வீடு என்று அர்த்தம். மொழிபெயர்த்திருக்கக் கூடாது. அப்பா சிரித்த சிரிப்பில் அண்ணாச்சி வண்டியின் வேகத்தைக் குறைத்தார், அம்மா மட்டும் சிரிக்கவில்லை.

போர்ட்ரீக்குப் போகும் முன்னால் ஒரு கேள்வி கேட்டார். திட்டப்படி ஃபேரி பூல்ஸ் என்ற அருவிக் குட்டைகளுக்குப் போகலாம், அங்கே நடக்க வேண்டும், அம்மாவுக்குக் கஷ்டம். அல்லது அப்பாவுக்கு ஓர் இடம் காட்டலாம், அங்கே பார்க்கப் பெரிதாக ஒன்றும் இல்லை. இரண்டாவதையே எடுத்தோம். முட்டுச்சந்து ரோட்டில் போய் பிரேஸ் என்ற சின்ன ஊர், எதிரே கடல், கடலுக்கு அப்பால் ராசே தீவு, ரோட்டோரம் ஒரு நினைவுக் கல். இந்த ஊர்க்காரர்கள், தங்களிடமிருந்து முன்பு பறித்த மேய்ச்சல் மலையைத் திருப்பித் தரும்வரை வாடகை கட்டமாட்டோம் என்று நின்றார்கள். 1882-ல் வெளியேற்றும் நோட்டீசை வாங்கிக் கொளுத்தினார்கள். கிளாஸ்கோவிலிருந்து ஏறத்தாழ ஐம்பது போலீஸ் வந்தது, பெண்கள் மலைமேல் நின்று கல்லெறிந்தார்கள். விசாரணைக் கமிஷன் வந்தது, 1886-ல் சட்டம் வந்தது, நினைத்தபோது குடியானவனை நிலத்திலிருந்து எழுப்பிவிட முடியாது என்று.

அப்பா கல்லைச் சுற்றி வந்தார். எங்கள் தாத்தா அடுத்தவர் நிலத்தை வாரத்துக்கு உழுதவர். 1955-ல் நம் ஊரில் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் வரும்வரை ஒவ்வொரு அறுவடைக்கும் அடுத்த வருஷம் நிலம் இருக்குமோ இருக்காதோ என்று ஆச்சி பயந்துகொண்டே இருப்பார்களாம். இந்தக் கதையை எனக்கு அப்பா சொன்னதே இல்லை. ஸ்காட்லாந்தில் ஒரு முட்டுச்சந்தில் நின்று, அண்ணாச்சிக்குச் சொல்வதற்காக என்னிடம் சொன்னார், நான் மொழிபெயர்த்தேன். பஸ் டூராக இருந்திருந்தால் இந்த ரோட்டுக்குள் வண்டி திரும்பியே இருக்காது.

போர்ட்ரீயில் கலர் கலரான வீடுகள், துறைமுகம், புளியோதரை. ஒரு கடற்புறா என் கையிலிருந்த அப்பளத்தைத் தூக்கிக்கொண்டு போனது. அண்ணாச்சிக்கு மிளகாய்ப்பொடி தடவிய இட்லி கொடுத்தோம், கண்ணில் தண்ணீரோடு இரண்டாவதையும் வாங்கிக்கொண்டார்.

ஓல்ட் மேன் ஆஃப் ஸ்டோர் என்ற பாறைத் தூணை ரோட்டிலிருந்தே பார்த்தோம். மேலே ஏறி இறங்க ஒன்றரை மணி நேரமாவது ஆகும். கில்ட் ராக் பக்கத்தில் ஓர் ஏரி வழிந்து அப்படியே கடலில் அருவியாக விழுகிறது, அழகுதான். "குளிக்க முடியாத அருவி என்ன அருவி" என்று அப்பா ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். குற்றாலத்துக்காரர்களிடம் வேறென்ன எதிர்பார்ப்பது.

குவிராங்தான் எங்கள் மூன்று பேரையும் வாயடைத்தது. கனமான எரிமலைப் பாறை மேலே, அதைத் தாங்க முடியாத பலவீனமான பாறை கீழே. மேலே இருப்பது சரிந்து சரிந்து, மலையே உடைந்து படிக்கட்டாக, கோபுரமாக, பச்சை மேடையாக நிற்கிறது. சரிவு இன்னும் நிற்கவில்லை, அடிவாரத்து ரோட்டை அடிக்கடி ரிப்பேர் செய்கிறார்கள். அம்மா முக்காலியைப் போட்டு அதன்மேல் உட்கார்ந்துவிட்டார்கள். காற்று நின்றதும் மிட்ஜ் வந்தது, எள்ளில் கால்வாசிதான் இருக்கும், கடித்தால் உயிர் போகிறது. "கொசு இல்லாத ஊருன்னு சொன்னியேட்டி!" என்று என்னைத் திட்டிக்கொண்டே முந்தானையால் தலையை மூடினார்கள், எழுந்திருக்கவில்லை.

திரும்பும் வழியில் அப்பா தன் ஆங்கிலத்தைத் திரட்டி, "அண்ணாச்சி, திஸ் கார், ஹவ் மச்?" என்று கேட்டேவிட்டார். அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்தார். அதை உங்கள் மகளிடம்தான் கேட்க வேண்டும் என்றார். அப்பா என்னைக் கேட்கவில்லை, பாலம் வரும்வரை மனதுக்குள் ஏதோ கணக்குப் போட்டுக்கொண்டு வந்தார், அவ்வளவுதான்.

நான் பின்சீட்டில் கோட்டை டிக்கெட்டின் பின்பக்கம் அண்ணாச்சியைச் சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டேன். உஷ்க, தண்ணீர். பியன், வலி. ஃபூவர், குளிர். டை பெக், தெரிந்ததுதான். இப்போது அது என் யூனிஃபார்ம் பையில் இருக்கிறது, மலையாளிப் பெண் தனக்கு மலையாளத்தில் ஒரு காப்பி எடுத்துக்கொண்டாள். போன வாரம் நைட் டியூட்டியில் போர்வையை இழுத்து இழுத்து மூடிக்கொண்டிருந்த ஒரு தாத்தாவிடம் குனிந்து "ஃபூவர்?" என்று கேட்டேன். அவர் கண்ணாடியை எடுத்து மாட்டி என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, நான் கிளாஸ்கோக்காரன் அம்மணி, இங்கிலீஷிலேயே கேள் என்றார்.