கான்ஸ்டன்ஸ் பேக்கர் மாட்லி: வாய்தாவை வென்ற வக்கீல்

அமெரிக்காவில் வக்கீலாகத் தொடங்கி, சட்டமன்றம் போய், ஃபெடரல் (மத்திய அரசு) நீதிபதியாக முடித்தவர்கள் பலர் உண்டு. கான்ஸ்டன்ஸ் பேக்கர் மாட்லியைப் பற்றி எழுதுகிறவர்கள் 'முதல் கறுப்பினப் பெண்' என்ற வரிசையோடு நிறுத்திவிடுகிறார்கள். நியூயார்க் செனட்டில் முதல், ஃபெடரல் நீதிபதிகளில் முதல். எல்லாம் உண்மைதான். ஆனால் சட்டம் படிக்கிறவர்கள் அவரிடம் கற்க வேண்டியது வேறு: நல்ல வழக்கை எதிராளி எப்படி இழுத்தே கொல்வான், அதை எப்படித் தடுப்பது என்பது.

1921-ல் கனெக்டிகட் மாநிலம் நியூ ஹேவனில் பிறந்தார். பெற்றோர் நெவிஸ் தீவிலிருந்து வந்தவர்கள், 12 பிள்ளைகளில் இவர் 9-ஆவது. மேலே படிக்கக் காசில்லை. ஒரு சமூகக் கூடத்தில் இவர் பேசியதைக் கேட்ட கிளாரன்ஸ் பிளேக்ஸ்லீ என்ற தொழிலதிபர் படிப்புச் செலவை ஏற்றுக்கொண்டார். கொலம்பியாவில் சட்டம் படிக்கும்போதே, 1945-ல், தர்குட் மார்ஷல் என்ற வக்கீல் நடத்திய, கறுப்பினத்தவர் உரிமை அமைப்பான என்ஏஏசிபியின் சட்டப் பாதுகாப்பு நிதியத்தில் சேர்ந்துவிட்டார். பள்ளிகளில் நிறப்பிரிவினையை வீழ்த்திய பிரவுன் வழக்கின் மூல மனு இவர் எழுதியது.

ஜெயித்த வழக்கு கையை விட்டுப் போவது எப்படி என்பதை 1956-லேயே அவர் பார்த்துவிட்டார். அலபாமா பல்கலைக்கழகத்தில் நீதிமன்ற உத்தரவோடு சேர்ந்தார் ஆத்தரின் லூசி என்ற கறுப்பின மாணவி. மூன்றாவது நாளே கும்பல் திரண்டது. பாதுகாப்பு என்ற பெயரில் நிர்வாகம் லூசியையே இடைநீக்கம் செய்தது. மார்ஷல், மாட்லி அடங்கிய வக்கீல் குழு அவமதிப்பு மனு போட்டது. அதில் நிர்வாகமும் கும்பலும் கூட்டுச்சதி செய்தன என்று ஒரு குற்றச்சாட்டு. நிரூபிக்க ஆதாரமில்லை, திரும்பப் பெற்றார்கள். லூசியை மீண்டும் சேர்க்கும்படி நீதிபதி பிப்ரவரி 29 அன்று உத்தரவிட்டார். உடனே அறங்காவலர்கள், பொய்க் குற்றம் சுமத்தினார் என்று அந்தக் குற்றச்சாட்டையே காரணம் காட்டி அவரை நிரந்தரமாக நீக்கினார்கள். அந்த நீக்கம் ரத்தானது 1988-ல்தான். மனுவில் ஒரு வரி கூடிப்போனால் இதுதான் நடக்கும்.

மிசிசிப்பி வழக்கைப் படிக்கும்போது அந்தப் பாடம் தெரியும். 1961 ஜனவரியில் ஜேம்ஸ் மெரிடித் மிசிசிப்பி பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பித்தார். விண்ணப்பத்தோடு பழைய மாணவர்கள் ஐந்து பேரின் நற்சான்று வேண்டும் என்றது பல்கலைக்கழகம். பிரவுன் தீர்ப்பு வந்த 1954-லேயே கொண்டுவந்த விதி அது. பழைய மாணவர்கள் எல்லோரும் வெள்ளையர்கள், கறுப்பின இளைஞனுக்கு யார் கையெழுத்துப் போடுவார்? விதியில் 'நிறம்' என்ற சொல்லே கிடையாது. அது போதாதென்று, அவர் அப்போது படித்துக்கொண்டிருந்த ஜாக்சன் கல்லூரிக்கு உரிய அங்கீகாரம் இல்லை என்றும் சொன்னார்கள்.

மெரிடித்தின் வக்கீலான மாட்லி, யாருக்கு என்ன உள்நோக்கம் என்று வாதாடிக்கொண்டிருக்கவில்லை. பதிவாளரைக் கூண்டில் ஏற்றினார், மற்ற மாணவர்களின் விண்ணப்பங்களைக் காட்டச் சொல்லி மனு போட்டார். அரசுத் தரப்பு கேட்டபோதெல்லாம் நீதிபதி மைஸ் வாய்தா கொடுத்தார். வாய்தாவால் வரும் ஆபத்து சாதாரணமானதல்ல. வழக்கு முடிவதற்குள் மெரிடித் ஜாக்சனில் பட்டம் வாங்கிவிட்டால், கேட்ட நிவாரணமே பொருளற்றுப் போகும், வழக்கும் செத்துவிடும். புளோரிடாவில் சட்டக் கல்லூரி கேட்டு 1949-ல் விண்ணப்பித்த வர்ஜில் ஹாக்கின்ஸ், ஒன்பது வருடம் போராடிவிட்டு, பிறருக்குக் கதவு திறந்தால் போதும் என்று தன் விண்ணப்பத்தையே விட்டுக்கொடுத்தார்.

மைஸ் வழக்கைத் தள்ளுபடி செய்தார். 1962 ஜூன் 25-ல் மேல்முறையீட்டு மன்றம் இரண்டுக்கு ஒன்று என அதை மாற்றியது. வேறு யாராக இருந்தாலும் அத்தோடு முடிந்தது என்று நினைத்திருப்பார்கள். அதே மன்றத்தில், அந்த வழக்கைக் கேட்காத கேமரன் என்ற நீதிபதி ஸ்டே கொடுத்தார். வழக்கைக் கேட்ட அமர்வு ரத்து செய்தது, அவர் மறுபடி கொடுத்தார். இப்படி நான்கு தடவை! செப்டம்பரில் கல்லூரி திறக்கப் போகிறது, உச்ச நீதிமன்றமோ கோடை விடுமுறையில். ஆனால் ஒவ்வொரு வட்டாரத்துக்கும் ஓர் உச்ச நீதிமன்ற நீதிபதி பொறுப்பு, விடுமுறையிலும் அவர் தனியாக உத்தரவு போடலாம். அந்த வட்டாரத்துக்குப் பொறுப்பான ஹ்யூகோ பிளாக்கிடம் போனார்கள். செப்டம்பர் 10 அன்று எல்லா ஸ்டேயும் போயிற்று. அக்டோபர் 1-ல் மெரிடித் சேர்ந்தார். அதற்கு முந்தைய இரவுக் கலவரத்தில் இரண்டு உயிர் போனது.

உச்ச நீதிமன்றத்தில் பத்து வழக்குகள் வாதிட்டு ஒன்பதில் ஜெயித்தார். தோற்ற ஒன்றைப் பிறகு சொல்கிறேன்.

அரசியல் வாழ்க்கை குறுகியது. 1964 பிப்ரவரி இடைத்தேர்தலில் மாநில செனட், அடுத்த பிப்ரவரியில் நியூயார்க் நகரின் ஒரு பகுதியான மன்ஹாட்டனின் நிர்வாகத் தலைவர் (பரோ தலைவர்). 1966 ஜனவரி 26-ல் அதிபர் ஜான்சன் அவரை நியூயார்க் தெற்கு மாவட்ட ஃபெடரல் நீதிபதியாக நியமனம் செய்து செனட்டுக்கு அனுப்பினார். அங்கே மறுபடி வாய்தா! நியமனம் செனட்டின் நீதித்துறைக் குழுவைத் தாண்ட வேண்டும், விசாரணைத் தேதி குழுத் தலைவர் கையில். தலைவர் ஜேம்ஸ் ஈஸ்ட்லேண்ட், மெரிடித் வழக்கு நடந்த அதே மிசிசிப்பி மாநிலத்துக்காரர். ஏழு மாதம் இழுத்து, ஆகஸ்ட் 30-ல்தான் ஒப்புதல் வந்தது.

நீதிபதியானபின் எழுதியவற்றில் எனக்குப் பிடித்தது 1978 தீர்ப்பு. பேஸ்பால் வீரர்களின் உடைமாற்றும் அறைக்குள் ஆண் நிருபர்கள் போகலாம், மெலிசா லட்கி என்ற பெண் நிருபர் போகக்கூடாது என்று தடை. சட்டத்தின் முன் சமத்துவம் தரும், அரசியல் சட்டத்தின் 14-ஆவது திருத்தம் தனியார் பாகுபாட்டின் மீது பாயாது, அரசின் கை எங்கே என்று காட்டியாக வேண்டும். யாங்கி ஸ்டேடியம் நியூயார்க் மாநகராட்சியின் சொத்து, யாங்கீஸ் குத்தகைதாரர்கள். அந்தப் பிடி போதுமானதாக இருந்தது. வீரர்களின் அந்தரங்கத்துக்கு? திரை போடலாம், துண்டு கட்டிக்கொள்ளலாம் என்றார்.

சிறைவாசி மார்ட்டின் சாஸ்ட்ரே வழக்கில் (1970) தனிச்சிறையில் கிடந்த 372 நாளுக்கு, நாளொன்றுக்கு இழப்பீடு 25 டாலர், தண்டத் தொகை 10 டாலர் என்று கணக்கிட்டு 13,020 டாலர் கொடுத்தார். தண்டத் தொகையை மேல்முறையீடு எடுத்துவிட்டது, இழப்பீடு நின்றது. 1975-ல் பெண் வக்கீல்களுக்கு எதிரான பாகுபாடு பற்றிய வழக்கில், நீங்கள் கறுப்பினப் பெண், விலகிக்கொள்ளுங்கள் என்று எதிர்த்தரப்பு கேட்டது. எல்லா நீதிபதிக்கும் ஓர் இனமும் பாலும் உண்டே, அது காரணமானால் இந்த வழக்கை யாருமே கேட்க முடியாது என்று மறுத்துவிட்டார்.

தோற்ற வழக்கு, ஸ்வைன் எதிர் அலபாமா, 1965. குற்றம் சாட்டப்பட்ட ஸ்வைன் கறுப்பினத்தவர். ஜூரிப் பட்டியலில் எட்டுக் கறுப்பினத்தவர், இருவருக்கு விலக்கு, மீதி ஆறு பேரையும் அரசு வக்கீல் காரணம் சொல்லாமலே நீக்கினார். ஒரு வழக்கில் இப்படி நடந்தது மட்டும் போதாது, பல வழக்குகளில் திட்டமிட்டு நடந்ததாகக் காட்டு என்றது உச்ச நீதிமன்றம். அந்த நிரூபணச் சுமையை 1986-ல் பேட்சன் வழக்கு தூக்கி எறிந்தது. இப்போது அந்த ஒரே வழக்கில் நடந்ததை வைத்து ஆட்சேபிக்கலாம், சந்தேகத்துக்கு இடமிருந்தால் அரசு வக்கீல் நிறம் சாராத காரணம் சொல்லியாக வேண்டும். அந்த வருடம்தான் மாட்லி, நான்கு வருடத் தலைமை நீதிபதிப் பொறுப்பை முடித்து, பணிச்சுமை குறைந்த மூத்த நீதிபதி நிலைக்கு மாறினார்.