தண்ணீருக்கு மேலே தூங்கும் ஓணான்

முதன்முதலில் நான் அதைப் பார்த்தது ஒரு கண்ணாடித் தொட்டிக்குள். வேலை விஷயமாக ஜகார்த்தா போயிருந்தேன். தங்கியிருந்த விடுதிக்குப் பக்கத்துத் தெருவில் வளர்ப்புப் பிராணிகள் விற்கும் கடை ஒன்று. வாசலோரம் இருந்த தொட்டியில் முக்கால் மீட்டர் நீளத்துக்கு ஒரு பல்லியினம் படுத்திருந்தது. தலை முதல் முதுகு வரை முள் முள்ளாக ஒரு வரிசை. வால் தொடங்கும் இடத்தில், மீன் துடுப்பை எடுத்து ஒட்டியதுபோல் நிமிர்ந்து நிற்கும் ஒரு தோல் பாய். கடைப்பையன் விரலால் கண்ணாடியைத் தட்டினான். அது பாய்ந்துபோய் நேரே எதிர்க் கண்ணாடியில் முட்டியது. மறுபடி தட்டினான், மறுபடி முட்டியது. அப்போதுதான் அதன் மூக்கைப் பார்த்தேன். நுனி தேய்ந்து, தோல் உரிந்து, சிவப்பாக இருந்தது.

அறைக்கு வந்தபிறகும் அந்த மூக்கு கண்ணிலேயே நின்றது. ஏன் அப்படி முட்டுகிறது என்று தேடிப் படித்தேன். காரணம் எளிமையானது. இந்த விலங்குக்குப் பயம் வந்தால் தெரிந்த ஒரே வழி, தண்ணீரில் குதிப்பதுதான். ஆற்றோரக் கிளையில் வாழும். சத்தம் கேட்டால் யோசிக்காமல் கீழே விழும். விழுந்த இடத்தில் ஆறு இருக்கும். தொட்டிக்குள் இருப்பதும் அதே விலங்குதான், அதே பயம்தான். ஆனால் பாய்ந்த இடத்தில் ஆறு இல்லை. கூண்டில் வளர்க்கப்படும் பலவற்றுக்கு மூக்கு இப்படிப் புண்ணாகிப் போவதுண்டாம்.

ஹைட்ரோசாரஸ் என்பது இதன் அறிவியல் பெயர். இந்தோனேசியாவில் 'சோவா-சோவா லாயர்' என்கிறார்கள். லாயர் என்றால் பாய்மரத்தின் பாய். நான் இதைப் பாய்வால் ஓணான் என்று கூப்பிடுகிறேன். ஓணான் என்று சும்மா சொல்லவில்லை. நம் ஊர் வேலி ஓணானும் இதுவும் அகமிடே என்ற ஒரே குடும்பம். உடும்பின் உறவு போலத் தோன்றினாலும் உடும்பு வேறு குடும்பம். 1768-இல் அம்போன் தீவிலிருந்து வந்த ஒன்றை வைத்து ஷ்லோசர் என்பவர் முதன்முதலில் இதை விவரித்தார். நெடுங்காலம் மூன்று இனங்கள் என்றே கணக்கு. 2020-இல் சுலாவெசித் தீவில் இருப்பவற்றைத் தனியாகப் பிரித்த பிறகு இப்போது ஐந்து. மலுக்குத் தீவுகள், சுலாவெசி, பிலிப்பைன்ஸ், ஏறக்குறைய இவ்வளவுதான் இவற்றின் உலகம்.

ஒரே குடும்பம் என்று படித்தபோது எனக்குள் ஏதோ உறுத்தியது. சின்ன வயதில் எங்கள் ஊரில் ஓணான் அடிப்பது ஒரு விளையாட்டு. தென்னை ஈர்க்கின் நுனியில் சுருக்குப் போட்டுக்கொண்டு வேலி வேலியாக அலைவோம். ராமர் தாகமாக இருந்தபோது அணில் தண்ணீர் கொடுத்தது, ஓணான் மூத்திரம் பெய்து கொடுத்தது என்ற கதையைச் சொல்லி, அதனால் கொல்லலாம் என்று நாங்களே தீர்ப்பும் எழுதிக்கொள்வோம். எத்தனை என்று எண்ணினதில்லை. அந்தக் கடையில் தட்டிய பையனுக்கும் எனக்கும் என்ன வித்தியாசம் என்று அன்றிரவு நினைத்துக்கொண்டேன். இந்த விலங்கை ஒருமுறையாவது அதன் ஆற்றில் வைத்துப் பார்க்க வேண்டும் என்று தோன்றியதும் அன்றுதான்.

போனது சிபுயான் தீவுக்கு. பிலிப்பைன்ஸின் நடுவில், ரொம்ப்லோன் மாகாணத்தில் இருக்கிறது. மணிலாவிலிருந்து பேருந்தில் பதாங்காஸ் துறைமுகம், அங்கிருந்து இரவுக் கப்பல், விடிந்தபிறகு தீவின் துறைமுக ஊரான மக்திவாங். கப்பலில் தூங்கவில்லை. இந்தக் கடலை நினைத்தால் எளிதில் தூக்கம் வராது. 2008 ஜூனில் ஒரு பெரும் புயலில் 'பிரின்சஸ் ஆஃப் த ஸ்டார்ஸ்' கப்பல் கவிழ்ந்து எண்ணூறுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தது இந்த சிபுயான் கரையோரத்தில்தான். வெளிச்சம் வந்ததும் மேல்தளத்துக்குப் போனேன். கடலிலிருந்து நேராக எழுந்து நின்றது கித்திங்-கித்திங் மலை, 2058 மீட்டர். ரம்பப்பல் போன்றது என்று அர்த்தமாம். உச்சி முழுக்க அப்படியே பல் பல்லாக இருந்தது.

இந்த மலைதான் எல்லாவற்றுக்கும் காரணம். கடலோரத்திலிருந்து சில கிலோமீட்டரிலேயே இரண்டாயிரம் மீட்டர் ஏறிவிடுவதால் மேகம் தட்டிக்கொண்டே இருக்கிறது, ஆறுகள் வற்றுவதில்லை. அலையாத்திக் காட்டில் தொடங்கி உச்சியின் குட்டை மரக்காடு வரை எல்லா வகைக் காடும் இந்தச் சின்னத் தீவில் உண்டு. 1996-இல் இந்த மலையைச் சுற்றி 15,000 ஹெக்டேருக்கும் மேல் பாதுகாக்கப்பட்ட இயற்கைப் பூங்காவாக அறிவித்தார்கள். ஆனால் பாய்வால் ஓணானுக்கு மலை உச்சி வேண்டாம். அதற்கு வேண்டியது தாழ்வான இடத்து ஆறும், ஆற்றின்மேல் சாய்ந்து நிற்கும் மரமும். அப்படிப்பட்ட கரைகளில்தான் மனிதர்களும் குடியிருக்க, தோப்பு வைக்க, துவைக்க, குளிக்க வருகிறார்கள்.

மக்திவாங்கிலிருந்து மூன்று சக்கர வண்டியில் சான் ஃபெர்னாண்டோ பக்கம் வந்து காந்திங்காஸ் ஆற்றுக்கு அருகில் ஒரு வீட்டில் தங்கினேன். எனக்கு வழிகாட்ட வந்தவருக்கு ஐம்பது வயதிருக்கும். அங்கே மூத்த ஆண்களைக் 'கூயா' என்று கூப்பிடுவார்கள், நம் அண்ணன் மாதிரி. நானும் கூயா என்றேன். எதைப் பார்க்க வந்திருக்கிறேன் என்று சொன்னதும் சிரித்துவிட்டார். "எல்லோரும் மலை ஏற வருவார்கள், அல்லது பாறையிலிருந்து ஆற்றில் குதிக்க வருவார்கள். நீங்கள் இபிட் பார்க்கவா வந்தீர்கள்?" இபிட் என்பது இங்கே இதன் பெயர்.

காந்திங்காஸ் தண்ணீரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அடியில் கிடக்கும் கூழாங்கல்லை நின்ற இடத்திலிருந்து எண்ணலாம். ஆழமான மடுவில் பச்சைக்கும் நீலத்துக்கும் இடைப்பட்ட ஒரு நிறம். முதல் நாள் பகல் முழுக்க அந்தக் கரையில் நடந்தும் ஒன்றையும் நான் பார்க்கவில்லை. கேட்டேன், அவ்வளவுதான். பத்தடி இருபதடிக்கு ஒரு தரம் முன்னால் எங்கோ தொபுக்கென்று ஒரு சத்தம். திரும்பினால் கிளை ஆடிக்கொண்டிருக்கும், தண்ணீரில் வட்டம் விரிந்துகொண்டிருக்கும். "அது ஒன்று" என்பார் கூயா. கொஞ்ச தூரம் போனதும் மறுபடி தொபுக். "அதுவும்தான்." நாம் பார்ப்பதற்கு முன்பே அது நம்மைப் பார்த்துவிடுகிறது. விழுந்தபின் அடியிலேயே கல்லோடு கல்லாகப் படுத்துக்கொள்கிறது. எவ்வளவு நேரம் காத்திருந்தாலும் நாம் நிற்கும் பக்கம் அது தலை தூக்கவில்லை.

"பகலில் அவற்றைத் துரத்தக் கூடாது. ராத்திரி வாருங்கள், அவையே காட்டிக்கொடுக்கும்" என்றார்.

இரவு எட்டு மணிக்கு இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கினோம். கரையில் நடந்தால் இலைச் சத்தத்தில் எழுந்துவிடும் என்பதால் ஆற்றுக்குள்ளேயே நடந்தோம். கால் வழுக்கியது, தண்ணீர் சில்லென்று இருந்தது, தவளைகள் ஓயாமல் கத்தின. கூயா தலைவிளக்கைக் கீழிருந்து மேலாகச் சாய்த்துக்கொண்டு போனார். ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது. கையைப் பிடித்து நிறுத்தி மேலே காட்டினார்.

தண்ணீருக்கு மேல் இரண்டு ஆள் உயரத்தில், விரல் தடிமனில் ஒரு கிளை. அதன் நீளத்துக்கு ஒட்டிக்கொண்டு ஒரு வெளிறிய வயிறு. நான்கு கால்களும் தளர்ந்து தொங்கின. வால் இலைகளுக்குள் போய் மறைந்தது. கண் மூடியிருந்தது. பகலெல்லாம் தொபுக் தொபுக்கென்று பயந்து விழுந்த அதே விலங்கு, எதிரே யாருமே இல்லாததுபோலத் தூங்கிக்கொண்டிருந்தது. அந்த இடத்தை அது எப்படித் தேர்ந்தெடுத்திருக்கிறது என்று யோசித்தபடி நின்றேன். மெல்லிய கிளை, அதனால் பாம்போ வேறெதுவோ ஏறினால் ஆட்டத்திலேயே தெரிந்துவிடும். நேர் கீழே ஆழமான தண்ணீர், அதனால் கண் விழித்த நொடியில் பிடியை விட்டால் போதும். வீடும் கதவும் தப்பிக்கும் வழியும் எல்லாம் அந்த ஒரு கிளைதான்.

"நேற்றும் இங்கேதான் இருந்தது" என்றார் கூயா மெதுவாக. "முகத்தில் வெளிச்சம் அடிக்காதீர்கள்." நான் படம் எடுக்கவில்லை. எடுக்கத் தோன்றவில்லை என்பதுதான் உண்மை.

அந்த இரவு பதினொன்றைப் பார்த்தோம். பெரும்பாலும் குட்டிகள், பாய் இன்னும் வளராதவை, கையளவு உடம்பு, மூன்று மடங்கு வால்.

பெரிய ஆண் ஒன்றைப் பார்த்தது அடுத்த நாள் காலை, ஆற்றின் எதிர்க்கரையில். வெயில் ஏறும் வரை உடம்பைச் சூடாக்கிக்கொள்ளச் சாய்ந்த மரத்தின்மேல் வந்து படுத்திருந்தது. ஆற்றின் அகலம் அங்கே அதிகம் என்பதால் அதற்கு நாங்கள் தொலைவாகத் தெரிந்திருக்க வேண்டும். தொலைநோக்கியில் நாற்பது நிமிடம் பார்த்தேன். சாம்பலும் ஆலிவ் பச்சையும் கலந்த உடம்பு, கழுத்தோரம் லேசான ஊதா. வளர்ந்த ஆணின் பாய் எட்டு சென்டிமீட்டர் வரை உயரும் என்று படித்திருந்தேன். வெயில் பின்னாலிருந்து விழுந்தபோது அந்தத் தோலுக்குள் ஈர்க்குச்சி ஈர்க்குச்சியாக எலும்புகள் தெரிந்தன. வால் முதுகெலும்பின் முட்கள் நீண்டு வளர்ந்துதான் இந்தப் பாயைத் தாங்குகின்றன. ஆணுக்குத்தான் இவ்வளவு பெரிது. தண்ணீரில் வாலை வீசி நீந்த உதவும், பெண்ணுக்கும் போட்டி ஆணுக்கும் காட்டவும் உதவும் என்கிறார்கள்.

கொஞ்ச நேரத்தில் அது தலையை நீட்டி இளந்தளிர் ஒன்றைக் கடித்து மென்றது. எனக்கு அது ஆச்சரியமாக இருந்தது. இவ்வளவு கரடுமுரடான உருவம் தின்பது பெரும்பாலும் இலை, பூ, பழம். பூச்சியும் நண்டும் கிடைத்தால் அதுவும் சரி.

முட்டை மட்டும் மண்ணில். பெண் கரையில் பள்ளம் தோண்டி இரண்டிலிருந்து எட்டு வரை இட்டு மூடிவிட்டுப் போகும். வருடத்தில் சில தடவை இடும். பொரிய இரண்டு மாதம் போல ஆகும். கூயா ஒரு பழைய பள்ளத்தைக் காட்டினார். நாய் தோண்டியிருந்தது. சின்ன வயதில் தானும் முட்டை எடுத்துத் தின்றிருப்பதாக அவர் மறைக்காமல் சொன்னார். "அப்போது எல்லோரும் எடுப்போம். இப்போது வேண்டாம் என்று பிள்ளைகளிடம் சொல்கிறேன்." நானும் ஈர்க்குச் சுருக்கைப் பற்றிச் சொன்னேன். அவர் தலையை ஆட்டினார், ஒன்றும் சொல்லவில்லை. 2001-இலிருந்தே அந்த நாட்டில் காட்டு விலங்குகளைப் பிடிக்கவும் விற்கவும் தடைச் சட்டம் இருக்கிறது. இருந்தும் பாய்வால் ஓணான் குட்டிகள் நகரத்துச் சந்தைகளுக்குப் போய்க்கொண்டுதான் இருக்கின்றன. தூங்கும் குட்டியைப் பறிக்க ஒரு விளக்கும் ஒரு கையும் போதும் என்பதை முந்தின இரவு என் கண்ணாலேயே பார்த்திருந்தேன்.

ஆனால் கூயாவின் கவலை வேறு. மதியம் அவர் வீட்டில் சாப்பிட்டபோது சுரங்கத்தைப் பற்றிப் பேசினார். சிபுயான் மண்ணில் நிக்கல் இருக்கிறது. 2007 அக்டோபர் 3 அன்று சுரங்க எதிர்ப்புப் போராட்டத்தில் சான் ஃபெர்னாண்டோ நகராட்சி உறுப்பினர் ஆர்மின் மாரின் சுட்டுக் கொல்லப்பட்டார். 2023 தொடக்கத்தில் மறுபடி தாது அள்ளும் லாரிகள் வந்தபோது ஊர் மக்கள் சாலையில் வரிசையாகக் கைகோத்து நின்று மறித்தார்கள். பிப்ரவரியில் வேலை நின்றது. கூயாவின் மனைவி, எல்லோரும் ஆத்தே என்று கூப்பிடும் அக்கா, சோற்றைப் பரிமாறிக்கொண்டே சொன்னார்: "மேலே மரம் போனால் மழைக்குச் செம்மண் இறங்கும். ஆறு கலங்கினால் எங்களுக்கு என்ன இருக்கிறது?" இபிட் பற்றி அவர் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. குடிக்கிறவர்களும், அதில் விழுந்து உயிர் பிழைக்கிறவையும் நம்பியிருப்பது ஒரே தண்ணீரை.

கிளம்பும் நாள் காலை இன்னொரு தடவை ஆற்றுக்குப் போனோம். கரையோரம் ஒரு கல்லில் குட்டி ஒன்று உட்கார்ந்திருந்தது, நம் ஊர் ஓணான் அளவுதான். என் நிழல் பட்டுவிட்டது. அது தண்ணீருக்குள் மூழ்கவில்லை. பின்னங்கால் இரண்டில் எழுந்து தண்ணீரின்மேல் ஓடியது. விரல்களின் ஓரத்தில் இருக்கும் தட்டையான செதில்கள்தான் அதைத் தாங்கும் என்று படித்திருக்கிறேன். பார்க்கும்போது அதெல்லாம் நினைவுக்கு வரவில்லை. தட்தட்தட்டென்று ஏழெட்டு அடி, உடம்பு நிமிர்ந்து, முன்னங்கால் இரண்டும் தொங்க. அப்புறம் வேகம் குறைந்து மூழ்கி, நீந்தி, எதிர்ப்பக்கம் ஒரு வேரைப் பிடித்து ஏறியது. அங்கிருந்து திரும்பி எங்களைப் பார்த்தது. மூக்கு நுனி வரை சேதமில்லாத முகம். கூயா என் தோளில் கை வைத்து, "போகலாம், கப்பலுக்கு நேரமாகிறது" என்றார்.