ஜப்பான் கேசட்டும் இரண்டு பிளாஸ்டிக் முனைகளும்

மூன்று வாரமாக மேசையில் சும்மா கிடந்த ஜப்பான் 'மரியோ கார்ட் 64' கார்ப் பந்தய கேம் கேசட் ஒருவழியாக நேற்று ராத்திரி ஓடியது.

என்னிடம் இருப்பது சித்தப்பா கொடுத்த அமெரிக்க நின்டெண்டோ 64 வீடியோ கேம் கருவி. அதில் ஜப்பான் கேசட்டைச் செருகினால் பாதியிலேயே முட்டி நிற்கும். உள்ளே பூட்டுச் சிப் ஏதோ தடுக்கிறது என்றுதான் முதலில் நினைத்தேன். இல்லை, இரண்டு நாட்டுக்கும் அந்தச் சிப் ஒன்றுதான். தடுப்பது, கேசட் உட்காரும் தட்டில் துருத்திக்கொண்டிருக்கும் இரண்டு பிளாஸ்டிக் முனைகள். கேசட்டின் பின்பக்கப் பள்ளங்கள் ஜப்பானில் வேறு இடத்தில் இருக்கின்றன, அவ்வளவே. (ஐரோப்பியக் கேசட்டிடம் இந்த வித்தை பலிக்காது, அதற்குச் சிப்பே வேறு.)

குறடால் முனைகளை நறுக்கிவிடுகிறவர்கள் உண்டு. எனக்கு மனசு வரவில்லை. கருவியின் அடியில் ஆறு திருகுகள், சாதாரண ஸ்க்ரூடிரைவருக்கு மசியாதவை. அதற்கென்றே உள்ள 4.5 மி.மீ. 'கேம்பிட்' திருப்புமுனை வேண்டும். அது தபாலில் வந்து சேரத்தான் மூன்று வாரம். மேல்மூடி கழன்றதும் தட்டைப் பிடித்திருந்தவை வெறும் இரண்டு திருகுகள். தட்டு இல்லாமல் கேசட் லேசாக ஆடுகிறது, ஆனால் ஓடுகிறது.

சரி, இத்தனை பாடு எதற்கு? விளையாட்டில் பந்தயத் தட ஓரத்தில் வரும் விளம்பரப் பலகைகளுக்காக! ஜப்பான் பதிப்பு 1996 டிசம்பரில் வந்தது. அதில் மார்ல்போரோ சிகரெட்டைக் கேலி செய்யும் 'மரியோரோ' பலகை இருக்கிறது. இத்தாலியப் பெட்ரோல் நிறுவனமான அஜிப், 'லூயிஜிப்' ஆகியிருக்கிறது. இரண்டுமே 90களின் ஃபார்முலா ஒன் கார்களில் ஒட்டியிருந்த பெயர்கள் என்பதால் நையாண்டி கச்சிதமாகப் பொருந்துகிறது. இரண்டு மாதம் கழித்து வந்த அமெரிக்கப் பதிப்பில் 'மரியோ ஸ்டார்', 'லூயிஜிஸ்' என்று பல்லைப் பிடுங்கிவிட்டார்கள். சிறுவர் விளையாட்டில் சிகரெட் வாடை வேண்டாம் என்றால் நியாயம்தான், ஆனாலும் எனக்குப் பிடித்தது மரியோரோதான்.

குரல்களும் வேறு. கார் ஓட்டும் பாத்திரங்களில் லூயிஜி, பீச், டோட், வாரியோ நால்வருக்கும். ஜப்பான் லூயிஜி கீச்சுக்குரலில் கத்துகிறான். இன்னொரு மரியோ விளையாட்டான 'மரியோ பார்ட்டி' ஆடியவர்களுக்கு அந்தக் குரல் பழக்கமானதுதான். எனக்கு இன்னும் காது ஒப்பவில்லை.

பலகைகளை வேடிக்கை பார்த்தபடியே சுவரில் மோதி ஏழாவதாக வந்தேன். நான்காவதுக்குள் வந்தால்தான் அடுத்த தடம் திறக்கும். அதனால் அதே பலகைகளை மறுபடி ஒரு முறை பார்க்க வேண்டியதாயிற்று.